யாருக்கு நஷ்டம்?

கிளெண்டா ஜாக்ஸன் 2023 ஜூன் 15-ஆம் தேதி லண்டனில் காலமானார். வயது 87. இங்கிலாந்துப் பத்திரிகைகள் பத்தி பத்தியாக எழுதின. புகழ்ச்சிக்குக் குறைவில்லை. ஆனால் அந்தப் புகழ்ச்சிக்கு நடுவே ஒரு பெருமூச்சும் இருந்தது. எப்பேர்ப்பட்ட நடிகை, 23 வருஷங்களை அரசியலில் கொண்டுபோய்க் கொட்டிவிட்டாரே என்கிற பெருமூச்சு.

கலை விஷயங்களில் நல்ல ஞானமுள்ள நண்பர் ஒருவர் அதே பெருமூச்சை என் வீட்டுக் கூடத்தில் உட்கார்ந்துகொண்டு விட்டார். "கலைக்குப் பெருத்த நஷ்டம் ஸார்" என்றார். காப்பி ஆறிப்போகிற வரைக்கும் அந்த நஷ்டத்தைப் பற்றியே பேசினார். எந்தெந்தப் படங்கள் வந்திருக்கும், எந்தெந்த நாடகங்கள் வந்திருக்கும் என்று வராத குழந்தைகளுக்குப் பெயர் வைத்தார். நான் கேட்டுக்கொண்டிருந்தேன். அவர் போன பிறகுதான் எனக்குக் கோபம் வந்தது. என் கோபம் எப்போதுமே ஒரு காப்பி தாமதமாகத்தான் வரும்.

இந்த நஷ்டக் கணக்கை நான் ஒப்புக்கொள்ளவில்லை. கணக்கு எழுதியவர்கள் வரவு வைக்க வேண்டியதைப் பற்று எழுதியிருக்கிறார்கள் என்பது என் கட்சி. அதைத்தான் இங்கே சொல்லப் போகிறேன்.

முதலில் ஆள் யாரென்று சொல்லிவிட வேண்டும். 1936 மே 9-ஆம் தேதி, லிவர்பூலுக்கு எதிர்க்கரையில் இருக்கிற பர்க்கன்ஹெட் என்ற ஊரில் பிறந்தவர். தகப்பனார் கொத்து வேலை செய்தவர். தாயார் கடையில் நின்று வியாபாரம் பார்த்தார். பிறர் வீடுகளைப் பெருக்கித் துடைத்தார். நாலு பெண்களில் இவர் மூத்தவர். கிளெண்டா ஃபாரெல் என்ற ஹாலிவுட் நடிகையின் பெயரை மகளுக்கு வைத்ததைத் தவிர, அந்தக் குடும்பத்துக்கும் சினிமாவுக்கும் வேறு சம்பந்தமில்லை. 16 வயதில் பள்ளிக்கூடத்தை விட்டார். பூட்ஸ் என்ற மருந்துக்கடையில் இரண்டு வருஷம் வேலை பார்த்தார். பொழுது போகாமல் ஓர் அமெச்சூர் நாடகக் குழுவில் சேர்ந்தார். யாரோ "நீ நன்றாகச் செய்கிறாய்" என்று சொல்லப்போக, ராயல் அகாடமி ஆஃப் டிராமாடிக் ஆர்ட் என்ற லண்டன் நாடகப் பள்ளிக்கு விண்ணப்பம் போட்டார். ஸ்காலர்ஷிப் கிடைத்தது. அது 1954.

அந்தப் பள்ளியிலேயே அவருக்கு ஒரு ஜோசியம் சொன்னார்கள். 'நீ குணச்சித்திர வேஷத்துக்குரியவள். 40 வயதுக்கு முன்னால் உனக்குப் பெரிதாக வேலை கிடைக்கும் என்று எதிர்பார்க்காதே' என்கிற ஜோசியம். அவரே பின்னால் இதைச் சொல்லியிருக்கிறார். அதற்கு அர்த்தம் என்ன? நீ அழகியில்லை என்று அர்த்தம். சினிமாக்காரர்கள் வகுத்து வைத்திருக்கிற இலக்கணப்படி அவர் அழகியல்லதான். எடுப்பான எலும்புகள் உள்ள முகம், கறாரான குரல், எதிராளியைக் குறுக்கு விசாரணை செய்கிற மாதிரி ஒரு பார்வை. அந்த முகத்தை வைத்துக்கொண்டு அவர் வருஷக்கணக்கில் சின்னச் சின்ன நாடகக் கம்பெனிகளில் உழைத்தார். வேஷம் இல்லாத மாதங்களில் கிடைத்த வேலையைச் செய்தார்.

1964-இல் பீட்டர் புரூக் என்ற டைரக்டர் கண்ணில் பட்டார். பீட்டர் வைஸ் எழுதிய 'மாரா-ஸாட்' நாடகத்தை ராயல் ஷேக்ஸ்பியர் கம்பெனிக்காக புரூக் மேடையேற்றினார். பைத்தியக்கார விடுதியில் இருக்கிற நோயாளிகள் பிரெஞ்சுப் புரட்சியின் கதையை நடிக்கிறார்கள். அதில் மாராவைக் குத்திக் கொல்கிற ஷார்லட் கார்டேயாக நடிக்கிற நோயாளி, இவர். லண்டனில் 1964, நியூயார்க்கில் 1965, படமாக 1967. அதன் பிறகு ஜோசியம் பலிக்கவில்லை. டி.எச். லாரன்ஸின் நாவலை வைத்து கென் ரஸ்ஸல் எடுத்த 'விமன் இன் லவ்' 1969-இல் வந்தது. அதற்கு 1971-இல் ஆஸ்கர் பரிசு. 'எ டச் ஆஃப் கிளாஸ்' என்ற ஹாஸ்யப் படத்துக்கு 1974-இல் இரண்டாவது ஆஸ்கர். நாற்பது வயது வரைக்கும் வேலை கிடைக்காது என்று சொல்லப்பட்டவர், நாற்பது வயது முடிவதற்குள் இரண்டு ஆஸ்கர் வாங்கிவிட்டார்.

டெலிவிஷனை நான் தனியே சொல்ல வேண்டும். 1971-இல் பி.பி.சி. 'எலிசபெத் ஆர்' என்ற ஆறு பகுதி நாடகத்தை ஒளிபரப்பியது. முதலாம் எலிசபெத் ராணி சிறு பெண்ணாக இருந்த காலம் தொட்டு, 69 வயதில் செத்துப்போகிற வரைக்கும் உள்ள கதை. கிளெண்டாவுக்கு அப்போது 34 வயது. அந்தக் காலத்துச் சீமாட்டிகளுக்கு நெற்றி ஏறியிருக்கும் என்பதற்காக முன்தலை மயிரை நிஜமாகவே சிரைத்துக்கொண்டு நடித்தார். கிழவியாகிற பகுதிகளில் மேக்கப் கிழவியாகிறதா, மனுஷி கிழவியாகிறாளா என்று பிரித்துச் சொல்ல முடியாது. அமெரிக்காவில் அந்த ஒரு தொடருக்கே அவருக்கு இரண்டு எம்மி பரிசுகள் கொடுத்தார்கள். அதே வருஷத்தில், மோர்க்கம்–வைஸ் என்ற விகடகவிகள் இருவரின் டெலிவிஷன் நிகழ்ச்சியில் போய், கிளியோபாட்ராவாக வேஷம் கட்டிக்கொண்டு, அந்த இருவரின் அசட்டுத்தனத்துக்கு நடுவே முகம் சுளிக்காமல் நின்றார். அதைப் பார்த்துத்தான் 'எ டச் ஆஃப் கிளாஸ்' எடுத்தவர் அவரை ஹாஸ்யப் படத்துக்குக் கூப்பிட்டார் என்பார்கள்.

இரண்டு ஆஸ்கர் பரிசளிப்பு விழாவுக்கும் அவர் போகவில்லை. வீட்டுக்கு வந்து சேர்ந்த பதுமைகளைத் தாயாரிடம் கொடுத்து வைத்தார். அந்த அம்மாள் ஆயுள் முழுதும் பாத்திரம் பண்டம் துலக்கியவர் அல்லவா? இதையும் துலக்கு துலக்கென்று துலக்கினார். தங்கப் பூச்சுப் போய் உள்ளே இருந்த உலோகம் வெளியே வந்துவிட்டது. பரிசின் தத்துவமே அதுதான் என்கிற மாதிரி மகள் சிரித்துக்கொண்டே இதைச் சொல்வதுண்டு. இந்தக் கதையை ஞாபகத்தில் வைத்துக்கொள்ளுங்கள், மறுபடியும் வருவேன்.

இனி 1992-க்கு வரலாம்.

சினிமாவிலிருந்து அரசியலுக்குப் போவது என்றதும் நம் வாசகர்கள் மனசில் ஒரு சித்திரம் எழும். அது எந்தச் சித்திரம் என்று நான் சொல்லப்போவதில்லை, உங்களுக்கே தெரியும். தயவுசெய்து அதைக் கொஞ்ச நேரம் சுவர்ப்பக்கம் திருப்பி வைத்துவிடுங்கள். இது வேறு கதை.

1992 ஏப்ரலில் நடந்த பொதுத் தேர்தலில் லண்டனின் ஹாம்ஸ்டெட்–ஹைகேட் தொகுதியில் தொழிற்கட்சி அபேட்சகராக அவர் நின்றார். அதற்கு முன் கன்ஸர்வேடிவ் கட்சி வசம் இருந்த தொகுதி. இரண்டு ஆஸ்கர் வாங்கிய நட்சத்திரம் எத்தனை வோட்டு வித்தியாசத்தில் ஜெயித்தார் தெரியுமா? 1,440. லட்சமில்லை, பத்தாயிரம்கூட இல்லை. வாக்காளர்கள் நடிகைக்கு வோட்டுப் போடவில்லை. ஒரு கட்சிக்காரிக்குப் போட்டார்கள், அதிலும் யோசித்து யோசித்துப் போட்டார்கள். அவரும் கையில் ஆஸ்கரைத் தூக்கிக்கொண்டு தெருத்தெருவாகப் போகவில்லை. அந்தத் தேர்தலில் அவருடைய கட்சி தோற்றுப்போயிற்று. ஜான் மேஜரின் கன்ஸர்வேடிவ் கட்சியே மறுபடியும் சர்க்கார் அமைத்தது. ஆக, புகழின் உச்சியில் இருந்த ஒரு பெண்மணி, தோற்றுப்போன கட்சியின் பின்வரிசை பெஞ்சில் போய் உட்கார்ந்தார். பதவி ஆசை பிடித்தவர்கள் இப்படியா இடம் பார்த்து உட்காருவார்கள்?

மெம்பரானதும் நடிப்பை விட்டார். 'ஞாயிற்றுக்கிழமை அரசியல், திங்கட்கிழமை ஷூட்டிங்' என்கிற சௌகரியமான ஏற்பாடு அவரிடம் கிடையாது. அவருக்கு அது ஒரு வேலை. இது ஒரு வேலை. இரண்டு வேலைக்கு ஒரே சமயத்தில் சம்பளம் வாங்குவது நாணயமல்ல என்று கொத்தனார் மகளுக்குத் தெரிந்திருந்தது.

இங்கிலாந்தில் பார்லிமெண்ட் மெம்பர்கள் தொகுதி மக்களை நேரில் சந்தித்துக் குறை கேட்பதற்கென்று ஒரு வழக்கம் வைத்திருக்கிறார்கள். அதற்கு அவர்கள் வைத்த பெயர் 'சர்ஜரி'. டாக்டர் நோயாளியைப் பார்க்கிற அறைக்கும் அங்கே அதுதான் பெயர். பொருத்தமான பெயர். வருகிறவர்கள் பெரும்பாலும் நோயாளிகள் மாதிரிதான் வருவார்கள். வீடு ஒழுகுகிறது, வாடகை கட்ட முடியவில்லை, தாயாருக்கு ஆஸ்பத்திரியில் இடம் இல்லை, உதவிப் பணத்தை நிறுத்திவிட்டார்கள். இந்த நாடகத்துக்குக் கைதட்டல் கிடையாது, திரை கிடையாது. எதிரே உட்கார்ந்திருப்பவர் நடிப்பதும் இல்லை.

எதிர்க்கட்சிக்காரர் சொல்வதையும் சொல்லிவிடுகிறேன். இல்லையென்றால் என் வாதத்துக்கு மரியாதை இல்லை. அரசியலில் அவர் பெரிய ஆளாக வரவில்லை. 1997-இல் டோனி பிளேர் பிரதம மந்திரியானபோது போக்குவரத்து இலாகாவில் உபமந்திரி ஸ்தானம் கிடைத்தது. இரண்டு வருஷம். பிறகு லண்டன் மேயர் பதவிக்குத் தம் கட்சியின் அபேட்சகராக நிற்க முயன்றார். கட்சி வேறொருவரை நிறுத்தியது. அதற்கப்புறம் மந்திரி ஸ்தானம் இல்லை. பிளேர் சர்க்கார் 2003-இல் ஈராக் யுத்தத்துக்குக் கிளம்பியபோது எதிர்த்து நின்றார். அந்த மார்ச் மாதத்தில் தொழிற்கட்சி மெம்பர்கள் 139 பேர் சொந்தக் கட்சித் தலைமைக்கு எதிராக வோட்டுப் போட்டார்கள், யுத்தம் நிற்கவில்லை. 2010-இல் தொகுதியின் எல்லை மாறி ஹாம்ஸ்டெட்–கில்பர்ன் ஆயிற்று. அதில் அவர் ஜெயித்த வித்தியாசம் 42 வோட்டு. நாற்பத்திரண்டே வோட்டு! ஒரு கல்யாணப் பந்தியில் உட்காருகிற கூட்டம்கூட இல்லை.

நண்பர் இதைத்தான் துருப்புச் சீட்டாக இறக்கினார். "பார்த்தீர்களா ஸார், அங்கேயும் பெரிதாகச் சாதிக்கவில்லை. இங்கேயும் விட்டுவிட்டார். இரண்டுங்கெட்டான்" என்றார்.

எனக்குப் புரியாத கணக்கு இதுதான். மேடையில் ஒருத்தி தாதி வேஷம் போட்டால் அதைச் சிறிய வேஷம் என்கிறோம். ஆனாலும் அது இல்லாமல் நாடகம் நடக்காது என்று ஒப்புக்கொள்கிறோம். பார்லிமெண்டில் மட்டும் பிரதம மந்திரியாக வராதவன் வாழ்க்கை வீண் என்கிறோம். ஜனநாயகம் என்பது மந்திரிகள் மாத்திரம் நடிக்கிற நாடகமா? பின்வரிசையில் உட்கார்ந்துகொண்டு, தன் கட்சியே தப்புச் செய்கிறபோது 'தப்பு' என்று கை தூக்குகிறவனுக்கு அதில் பங்கு இல்லையா? அவன் கை தூக்கியும் தப்பு நடந்துவிட்டது என்பதற்காக, கை தூக்கியது வீண் என்று சொல்வீர்களானால், உலகத்தில் பாதி நல்ல காரியங்களை வீண் என்று தள்ள வேண்டியிருக்கும்.

2013 ஏப்ரல் 8-ஆம் தேதி மார்கரெட் தாட்சர் இறந்துபோனார். பத்தாம் தேதி காமன்ஸ் சபையை விசேஷமாகக் கூட்டினார்கள். மரணத்துக்குப் பின் கூடுகிற சபையில் என்ன பேசுவார்கள் என்று எல்லோருக்கும் தெரியும். எதிரியையும் புகழ்வார்கள், அது ஒரு சம்பிரதாயம். கிளெண்டா எழுந்தார். தாட்சர் ஆட்சியில் தம் தொகுதியிலும் நாட்டிலும் தாம் கண்டதைச் சொன்னார். பள்ளிக்கூடச் சுவரில் காரை உதிர்ந்துவிடாமல் பிள்ளைகள் வரைந்த படங்களும் ஒட்டுக் காகிதமும் தாங்கிப் பிடித்திருந்ததைச் சொன்னார். கடை வாசற்படிகள் ராத்திரி நேரத்தில் வீடில்லாதவர்களுக்குப் படுக்கையறையானதைச் சொன்னார். பேராசையும் சுயநலமும் துர்க்குணங்கள் என்று தமக்குச் சின்ன வயசில் சொல்லிக் கொடுத்தார்கள். அவையே சற்குணங்களாகிவிட்டன என்றார். எதிர்வரிசையில் கூச்சல் எழுந்தது. ஒரு மெம்பர் எழுந்து ஆட்சேபித்தார். அவர் பேசியதில் சபை முறைக்கு விரோதமாக ஒன்றும் இல்லை என்று சபாநாயகர் தீர்ப்புச் சொன்னார்.

செத்தவர் வீட்டில் இப்படிப் பேசலாமா என்று கேட்பவர்கள் கேட்கட்டும். எனக்கும் அது கொஞ்சம் உறுத்தத்தான் செய்தது. ஆனால் பார்லிமெண்ட், செத்தவர் வீடு அல்ல. அங்கே புகழ வேண்டும் என்று ஒருவர் எழுந்து அரசியல் பேசலாம் என்றால், இகழவும் ஒருவர் எழுந்து அரசியல் பேசலாம். வாசற்படியில் படுத்துச் செத்தவர்களுக்காக யாரும் சபையைக் கூட்டவில்லை. அவர்கள் சார்பில் ஒருவர் அன்றைக்கு ஏழு நிமிஷமோ எட்டு நிமிஷமோ பேசினால் நாகரிகம் குடிமுழுகிப் போய்விடாது. அன்று அந்தக் குரலைக் கேட்டவர்கள் யாரும் 'நடிக்கிறார்' என்று சொல்லவில்லை. மேடையில் பயின்ற குரல்தான்; எட்டாவது வரிசைக்கும் எட்டுகிற குரல்தான். ஆனால் வசனம் அவருடைய சொந்த வசனம். ஒரு நடிகைக்கு ஆயுளில் எத்தனை தடவை அந்தப் பாக்கியம் கிடைக்கும்?

இந்தக் 'கலைக்கு நஷ்டம்' என்கிற வார்த்தை எனக்குப் புதிதல்ல. என் காதிலேயே விழுந்திருக்கிறது. சில வருஷங்களுக்கு முன் எங்கள் பேட்டையில் குடிசைகளைக் காலி செய்யச் சொன்னார்கள். அவர்களுக்கு மாற்றிடம் கேட்டு ஒரு மனு எழுதிக்கொண்டு, வீடு வீடாகக் கையெழுத்து வாங்க அலைந்தவர்களில் நானும் ஒருவன். அந்த மாதம் நான் கதை கொடுக்கவில்லை. ஒரு பத்திரிகாசிரியர் – பெயர் வேண்டாம், நல்ல மனுஷர் – என்னைக் கூப்பிட்டு, "உங்களுக்கு எதுக்கு ஸார் இந்த வம்பெல்லாம்? கதையை எழுதிக்கொண்டு சிவனே என்று இருக்கக்கூடாதா? இலக்கியத்துக்கு நஷ்டம் ஸார்" என்றார். அந்த மாதம் நான் எழுதாமல் விட்ட கதை எனக்கு ஞாபகம் இருக்கிறது. எழுதியிருந்தால் அது மோசமான கதையாகத்தான் இருந்திருக்கும். இலக்கியத்துக்கு அன்றைக்கு லாபமே தவிர நஷ்டமில்லை. மனுவும் பலிக்கவில்லை என்பது வேறு விஷயம். ஆனால் அந்த மாதத்தை எனக்குத் திருப்பிக் கொடுத்தால் மறுபடியும் அதே தெருவில்தான் அலைவேன்.

கலைஞன் கலையை மட்டும் பார்க்க வேண்டும் என்று சொல்கிறவர்கள், கலைஞனை உயர்த்துவதாக நினைத்துக்கொண்டு தாழ்த்துகிறார்கள். கொத்தனார் தேர்தலில் நின்றால் கட்டடக் கலைக்கு நஷ்டம் என்று யாரும் அழுவதில்லை. வக்கீல் நின்றால் நீதிக்கு நஷ்டம் என்று யாரும் அழுவதில்லை. சிலருக்கு ஆறுதலாகக்கூட இருக்கும். நடிகையும் எழுத்தாளனும் மட்டும் பிரஜைகள் இல்லையா? அவர்கள் நம்மைக் குஷிப்படுத்துவதற்கென்றே கூண்டில் வைத்து வளர்க்கப்பட்ட பட்சிகளா? கூண்டைத் திறந்துகொண்டு ஒரு பட்சி வெளியே போனால், 'பாட்டுக்கு நஷ்டம்' என்று அழுகிறவன் பாட்டை நேசிக்கிறவன் அல்ல, கூண்டை நேசிக்கிறவன்.

சரி, கலைக்கே வருவோம். நஷ்டம் நஷ்டம் என்கிறார்களே, 1992-இல் கலை அவருக்காக என்ன தட்டில் வைத்துக்கொண்டு காத்திருந்தது? அப்போது அவருக்கு வயது 56-ஐ நெருங்கிக்கொண்டிருந்தது. அந்த வயதில் ஓர் ஆண் நடிகனுக்குக் கதாநாயகன் வேஷம் உண்டு. அவனுக்கு ஜோடியாக இருபத்தைந்து வயதுப் பெண்ணும் உண்டு. பெண் நடிகைக்கு என்ன உண்டு? கதாநாயகனுக்கு அம்மா, அண்டை வீட்டு அத்தை, பைத்தியக்காரக் கிழவி. நாடகாசிரியர்களுக்குப் பெண்களிடம் சுவாரஸ்யமே இல்லை. நாடகத்தின் நடுமையத்தில் பெண்ணை வைத்து எழுத அவர்களுக்குத் தோன்றுவதில்லை என்று கிளெண்டா வாழ்நாள் முழுதும் குறை சொல்லிக்கொண்டே இருந்தார். அந்தக் குறையைத் தீர்க்காதவர்கள், அவர் போனதும் மாரடித்துக்கொள்கிறார்கள். சோறு போடாமல் பட்டினி போட்டுவிட்டு, 'சாப்பிடாமல் எழுந்து போய்விட்டாளே' என்று அழுகிற மாமியாரைப் போல இருக்கிறது இது.

2015-இல், 79 வயது நெருங்குகிற சமயத்தில், மறுபடி தேர்தலுக்கு நிற்காமல் பார்லிமெண்டை விட்டு விலகினார். அடுத்த வருஷம், 80 வயதில், லண்டன் ஓல்ட் விக் நாடக மேடையில் ஏறினார். என்ன வேஷம்? லியர் அரசன். அந்த வயதுப் பெண்ணுக்கு அவர் அளவுக்கு ஒரு வேஷம் வேண்டுமென்றால், நானூறு வருஷத்துக்கு முன்னால் ஆணுக்காக எழுதின வேஷத்தைத்தான் எடுத்துக்கொள்ள வேண்டியிருந்தது. மேலே சொன்ன குறைக்கு இதைவிட ருசு வேண்டுமா?

அந்த நாடகத்தில் ஓர் இடம். ராஜ்யத்தைப் பெண்களுக்குப் பங்கு போட்டுக் கொடுத்துவிட்டு, அவர்களாலேயே துரத்தப்பட்ட கிழவன், புயலிலும் மழையிலும் வெட்டவெளியில் நிற்கிறான். அப்போதுதான் அவனுக்கு, ஆயுளில் முதல் தடவையாக, கூரையில்லாத ஏழைகளின் ஞாபகம் வருகிறது. கந்தலைக் கட்டிக்கொண்டு இந்த மழையை அவர்கள் எப்படித் தாங்குவார்கள், நான் ராஜாவாக இருந்தபோது இதைக் கவனிக்காமல் விட்டேனே என்று நினைக்கிறான். உலகத்தின் பெரிய நடிகர்கள் எல்லாம் பேசியிருக்கிற இடம். கடை வாசற்படியில் படுத்தவர்களைப் பற்றிக் காமன்ஸ் சபையில் நின்று பேசிய ஒருவர், 23 வருஷம் குறை கேட்ட ஒருவர், அதைப் பேசினார்.

இந்த இடத்தில் என் கட்சிக்காரர்கள் சிலர் உற்சாகமாகக் கிளம்புவார்கள்: 'பார்த்தீர்களா, பார்லிமெண்ட் அனுபவம் அவர் நடிப்புக்கு உரமாயிற்று, ஆகவே நஷ்டமில்லை' என்பார்கள். நான் அந்த வாதத்தையும் ஒப்புக்கொள்ள மாட்டேன். அது எதிர்க்கட்சி வாதத்தைவிட மோசம். வீடு ஒழுகுகிறது என்று சொல்லிக்கொண்டு வந்த விதவை, ஒரு நடிகையின் பிற்கால லியர் வேஷத்துக்கு உரமாவதற்காக வரவில்லை. அவளுக்குக் கூரை வேண்டியிருந்தது, அதற்காக வந்தாள். கூரைக்காகக் கடிதம் எழுதிப் போட்ட கிளெண்டாவும் அதை அனுபவச் சேகரிப்பாக நினைத்து எழுதவில்லை. மனிதர்களை அனுபவமாக எண்ணிப் பொறுக்கிக்கொண்டு வருகிற கலைஞர்களை எனக்குத் தெரியும். அவர்கள் சேரிக்குப் போவார்கள். நோட்டுப் புத்தகத்தோடு திரும்பி வருவார்கள். சேரி அப்படியே இருக்கும். அந்த 23 வருஷத்துக்குக் கலையின் பக்கத்திலிருந்து சமாதானம் தேட வேண்டிய அவசியமே இல்லை. அது தன்னளவிலேயே நியாயமான வாழ்க்கை. லியர் கிடைத்தது நமக்கு உபரி.

உபரி இன்னும் வந்தது. 2018-இல் எட்வர்ட் ஆல்பியின் 'த்ரீ டால் விமன்' நாடகத்துக்காக நியூயார்க்கில் டோனி பரிசு. 2019-இல் நியூயார்க்கில் மறுபடியும் லியர். அதே வருஷக் கடைசியில் பி.பி.சி. டெலிவிஷனில் 'எலிசபெத் இஸ் மிஸ்ஸிங்'. ஞாபக சக்தி கொஞ்சம் கொஞ்சமாக அழிந்துகொண்டு வருகிற மாட் என்ற கிழவி. தன் சிநேகிதி எலிசபெத்தைக் காணவில்லை என்று அவள் தேடுகிறாள். யாரும் அவள் பேச்சை நம்புவதில்லை. சட்டைப் பை நிறையத் துண்டுக் காகிதங்கள். எழுதி வைத்தது எதற்கென்று அவளுக்கே மறந்துபோகிறது. அந்த முகத்தில் ஒரு வினாடி தெளிவும் மறு வினாடி பீதியும் மாறி மாறி வருவதைப் பார்த்தவர்கள், தங்கள் வீட்டுக் கிழவியை ஒரு தரமாவது நினைத்துக்கொள்ளாமல் இருந்திருக்க முடியாது. 'எலிசபெத் ஆர்' ஒளிபரப்பாகி 48 வருஷத்துக்குப் பிறகு, டெலிவிஷனில் அவருக்கு மறுபடி ஓர் எலிசபெத் கிடைத்தாள். இந்தத் தடவை தேடுகிறவளாக நடித்தார். 2020-இல் பிரிட்டிஷ் அகாடமியின் பரிசு கிடைத்தது. அப்போதும் பேட்டிகளில் அவர் தம் நடிப்பைப் பற்றி மட்டும் பேசிவிட்டு விடவில்லை. மனிதர்கள் நீண்ட காலம் வாழ்கிற நாட்டில் வயோதிகர்களை யார் பார்த்துக்கொள்வது என்று கேட்டார். மெம்பர் உத்தியோகம் போய்விட்டது, மெம்பர் போகவில்லை.

கடைசிப் படம் 'தி கிரேட் எஸ்கேப்பர்'. ஜோடி மைக்கேல் கெயின்; 1975-இல் 'தி ரொமாண்டிக் இங்கிலிஷ்வுமன்' படத்தில் அவரோடு நடித்த அதே மைக்கேல் கெயின். முதியோர் இல்லத்தில் இருக்கிற ஒரு பழைய யுத்த வீரன், யாரிடமும் சொல்லாமல் நார்மண்டி கடற்கரைக்குப் புறப்பட்டுப் போகிறான். இவர் அவன் மனைவி. படம் 2023 அக்டோபரில் வெளியாயிற்று. அதைத் திரையில் பார்க்க அவர் இல்லை. வேலையை முடித்துவிட்டுத்தான் போனார்.

நண்பர் மறுபடியும் வருவார். காப்பி கொடுப்பேன். இந்தத் தடவை அவரிடம் தாயாரின் கதையைச் சொல்லப்போகிறேன். தங்கப் பதுமையைத் துலக்கித் துலக்கிப் பூச்சை எடுத்துவிட்ட அந்த அம்மாளைப் பற்றி. அவர் பதுமையைக் கெடுத்துவிட்டார் என்று நண்பர் சொல்லக்கூடும். 'அடடா, நஷ்டம்!' என்று பெருமூச்சு விடக்கூடும். வீட்டுக்கு வந்த பொருள் எதுவானாலும், அது பதுமையானாலும் பாத்திரமானாலும், துலக்கி வைப்பது தன் வேலை என்று அந்த அம்மாள் நினைத்தார். மகளும் அப்படியே நினைத்தார். மேடை கைக்கு வந்தபோது மேடையைத் துலக்கினார். பார்லிமெண்ட் கைக்கு வந்தபோது அதைத் துலக்கினார். பூச்சுப் போயிற்றே என்று அழுவதா, பாத்திரம் சுத்தமாயிற்றே என்று சந்தோஷப்படுவதா என்பது அவரவர் வளர்ந்த வீட்டைப் பொறுத்த விஷயம்.

நான் வளர்ந்த வீட்டில் பாத்திரத்தைத்தான் பார்ப்பார்கள்.